செயலி போனாலும் அனுமதி போகாது

கேள்வி: இலவச மாதம் முடிந்ததும் செயலியை நீக்கிவிட்டேன். ஆனாலும் மாதாமாதம் 299 ரூபாய் குறைகிறதே?

பதில்: செயலியை நீக்கினால் போனில் இடம்தான் மிச்சம், பணம் பிடிக்க நீங்கள் தந்த அனுமதி அப்படியே இருக்கும். யுபிஐ என்றால் ‘ஆட்டோபே’ பகுதியிலும், கார்டு என்றால் வங்கியிடமும் அதை ரத்துசெய்யுங்கள். ‘ஒப்புக்கொண்டது நீங்கள்தானே?’ என்பார்கள். உண்மைதான், அதனால் போன பணமெல்லாம் திரும்புவது சந்தேகமே. ஆனால் அந்த அனுமதி ஆயுள் சாசனமல்ல. 2021 அக்டோபரில் நடைமுறைக்கு வந்த ரிசர்வ் வங்கி விதிப்படி, பணம் பிடிப்பதற்கு 24 மணி நேரம் முன்பே தகவல் வர வேண்டும்; விலகும் வழியும் இருக்க வேண்டும். (அந்தக் குறுஞ்செய்தியை நாம் படிப்பதில்லை என்பது வேறு கதை.) ரத்துக்குப் பிறகும் பிடித்தால் வங்கிக்கு எழுத்தில் புகார் கொடுங்கள், 30 நாளில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கிக் குறைதீர்ப்பாளரிடம் போகலாம்.