காலை வேலையை வாசலுக்கு மாற்றுங்கள்

விழுப்புரம், திண்டிவனம் பக்கம் வெயிலுக்குப் பஞ்சமே இல்லை. ஆனாலும் ஜன்னலைச் சாத்தி, டியூப்லைட் போட்டுக்கொண்டே பகலைக் கழிக்கப் பழகிவிட்டோம். பகல் தூக்கம், எரிச்சல், கவனக் குறைவு ஆகியவற்றுக்கு இதுவும் ஒரு காரணம்.

1. டியூப்லைட் எரியும் அறையில் 200, 300 லக்ஸ் வெளிச்சம் இருந்தால் பெரிது. வெளியே மர நிழலிலேயே பல ஆயிரம் லக்ஸ் கிடைக்கும். காலையில் அது கண்ணில் பட்டால் தூக்கத்துக்கான மெலடோனின் அடங்கி, உடலின் கடிகாரம் சரியாகிறது. இரவுத் தூக்கமும் நேரத்துக்கு வரும். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் எம்.கே. சந்திரசேகரன், வெளியுலகின் பகலிரவு தெரியாத அறையில் ஆட்களைத் தங்கவைத்து ஆராய்ந்தார். அவர்களுடைய 'நாள்' 24 மணி நேரத்தைத் தாண்டி நீண்டது. அதைத்தான் காலை வெளிச்சம் தினமும் திருத்துகிறது.

2. நம் பக்கம் ஜூன் தொடக்கத்தில் 5.45 வாக்கிலும் ஜனவரி கடைசியில் 6.35 வாக்கிலும் சூரியன் உதிக்கிறது. இருட்டோடு கோலம் போட்டுவிட்டு உள்ளே போகிறவர்கள், விடிந்தபின் கீரை ஆய்வது, வெங்காயம் உரிப்பது போன்ற வேலைகளைத் திண்ணைக்கோ மாடிக்கோ கொண்டுபோங்கள். 20 நிமிடம் போதும். சூரியனை நேராகப் பார்க்கவே கூடாது.

3. காலை ரயிலில் சென்னைக்கு வேலைக்குப் போகிறவர்கள், ரயில் போகும் திசையைப் பார்த்து வலப்பக்க ஜன்னலில் உட்காருங்கள். அதுதான் கிழக்குப் பக்கம். ஷட்டரை இறக்காதீர்கள்.

4. பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளைகள் விடிந்ததும் மாடியில் நடந்துகொண்டே ஒப்பிக்கட்டும். தினமும் இரண்டு மணி நேரம் வெளியே இருந்தால் கிட்டப்பார்வை வரும் வாய்ப்பும் குறையும்.

5. மதியச் சாப்பாட்டுக்குப் பின் கண் சொக்கினால் இன்னொரு டீக்கு முன் வேப்பமர நிழலில் பத்து நிமிடம் நில்லுங்கள். கத்திரி வெயிலில் 11 முதல் 3 மணி வரை நிழலை விட்டு வராதீர்கள்.

6. ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் வானம் மூட்டமாக இருந்தாலும் தாழ்வாரத்து வெளிச்சம் கூடத்து விளக்கைவிட அதிகம். நாற்காலியை அங்கே போடுங்கள்.

7. நைட் டியூட்டி முடித்து பஸ்ஸில் திரும்புகிறவர்களுக்கு மட்டும் இது தலைகீழ். கறுப்புக் கண்ணாடி அணிந்து வந்து, இருட்டறையில் தூங்குங்கள்.

8. இரண்டு வாரத்துக்கு மேல் மனம் சோர்ந்தே கிடந்தால் வெளிச்சத்தை மட்டும் நம்பியிருக்க வேண்டாம். முண்டியம்பாக்கம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குப் போகலாம். டெலி மானஸ் மனநல உதவிச் சேவையின் 14416 எண்ணில் இரவு பகலாக, கட்டணமின்றித் தமிழிலேயே பேசலாம்.