பணிவிடை எனும் அமானிதம்

கூத்தாநல்லூர், ராஜகிரி, பண்டாரவாடை, அதிராம்பட்டினம் போன்ற நம் காவிரிப் பகுதி ஊர்களில் தெருவுக்குத் தெரு காணும் நிலைமை இது. பிள்ளைகள் சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் வளைகுடாவிலும் இருக்க, படுத்த படுக்கையாகிவிட்ட தாய் தகப்பனைக் கூலிக்கு அமர்ந்த ஒருவர் கவனித்து வருகிறார். பெற்ற மக்கள் செய்ய வேண்டிய ஹித்மத்தை அவர் செய்கிறார். அது இழிதொழில் அன்று. அகழ்ப் போரில் காயமுற்ற ஸஅது இப்னு முஆது (ரலி) அவர்கள், பள்ளிவாசலில் இருந்த ருஃபைதா (ரலி) என்ற பெண்மணியின் கூடாரத்தில்தான் வைத்துப் பராமரிக்கப்பட்டார்கள்.

இந்த ஊழியரிடம் ஒப்படைக்கப்படும் அமானிதம் எது? பீரோ சாவி மட்டுமே என்று நினைக்கிறோம். அதைவிடப் பெரியது நோயாளியின் மானம். சென்ற ரமளானில் நலம் விசாரிக்க ஒரு வீட்டுக்குப் போயிருந்தேன். வாசற்கதவு திறந்து கிடந்தது. கைபேசியைத் தலையணையில் சாய்த்து வைத்து, துபாயிலிருக்கும் மகனுக்குத் தகப்பனாரைக் காட்டியபடியே ஊழியர் கைலி மாற்றிக் கொண்டிருந்தார். பெரியவருக்குப் பேச்சு நின்றுபோய்ப் பல மாதங்கள். ஆனால் கை மட்டும் கைலியைத் தேடித் தேடித் தடவியது. மகன் ஆசையாய்க் கேட்டதுதான். ஆயினும் அவ்ரத் என்பது நோய் வந்ததால் அவ்ரத் இல்லாமல் போய்விடாது. அவசியத்துக்கு மேல் ஒரு விரற்கடையும் திறக்கலாகாது. கழுவும்போது கையுறையோ துணியோ இருக்க வேண்டும். ஆணுக்கு ஆண், பெண்ணுக்குப் பெண் கிடைக்குமாயின் அதுவே முறை. அறையில் கண்டதும், பிதற்றலில் கேட்டதும் தேநீர்க் கடைக்குப் போகக் கூடாது. பிறர் குறையை மறைப்பவரின் குறையை அல்லாஹ் மறைப்பான் என்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தந்த நற்செய்தி.

தொழுகை விஷயமும் உண்டு. மூத்திரப் பை இணைத்துவிட்டால் இனித் தொழுகை இல்லை என்று விட்டுவிடுகிறார்கள். தவறு. அறிவு தெளிவாயிருக்கும் வரை கடமை நீங்காது. ஹனஃபி மத்ஹபில் வக்து வந்ததும் ஒளூ செய்து, அந்த வக்து முடியும் வரை தொழலாம். ஷாஃபி மத்ஹபில் ஒவ்வொரு ஃபர்ளுக்கும் தனி ஒளூ வேண்டும். தண்ணீர் ஆகாதென்றால் தயம்மும். உட்கார முடியாதவர் படுத்தபடியே சைகையால் தொழலாம். ஊழியர் பிற மதத்தவரானால் இவற்றை வீட்டார் முதல் நாளே சொல்லித் தரட்டும். அப்படிச் சொல்லித் தந்த பின், நம்மவரை விடத் தவறாமல் வக்தை நினைவூட்டும் சகோதரிகளை நான் கண்டிருக்கிறேன்.

வீட்டாருக்கும் கடமை உண்டு. பெற்றோரை நோக்கி ‘உஃப்’ என்றும் சொல்லலாகாது என்பது பனீ இஸ்ராயீல் அத்தியாயத்தின் (17:23) கட்டளை. பத்தாண்டுகள் நபிகளாருக்கு ஊழியம் செய்த அனஸ் (ரலி) அவர்களோ, அதே சொல்லை நாயகத்திடமிருந்து ஒருநாளும் கேட்டதில்லை என்கிறார்கள். இரவெல்லாம் விழித்திருந்தவரைப் பகலில் பாத்திரம் துலக்க ஏவுவதும், வெளிநாட்டிலிருந்து பணம் வரட்டும் என்று கூலியை நிறுத்தி வைப்பதும் எவ்வகையில் நியாயம்? 2021-ல் தமிழக அரசு தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் படுக்கையில் கிடப்போருக்கு வீடு தேடி வந்து சிகிச்சை தருகிறார்கள். அதைக் கேட்டுப் பெற்றாலாவது ஊழியரின் பாரம் சற்றுக் குறையும். களைத்துப் போனவரின் கை முரடாகிவிடும். அந்த முரட்டுக் கை படுவது நம் மேல் அல்ல, படுக்கையில் கிடக்கும் தகப்பனார் மேல்.