சின்னக் கட்டர்: விற்க முன் கேட்க வேண்டிய கேள்வி

2022 ஆம் ஆண்டு நாளொன்றுக்கு 13 மணித்தியாலம் வரை மின்வெட்டு நீடித்த நாட்கள் ஞாபகமிருக்கும். அக்காலத்திலிருந்து என் கடைக்குப் பற்றரிக் கருவிகள் கேட்டு வருவோர் தொகை கூடிவிட்டது. அவற்றுள் ஒன்றுதான் 3 அங்குலத் தட்டுப் பூட்டும் சின்னக் கட்டர். ஒற்றைக் கையில் அடங்கும். வயர் இழுக்கத் தேவையில்லை. ஏணியில் நின்றும், சீலிங்குக்குள் கையை விட்டும் வெட்டலாம். நல்ல சாமான். ஆனால் இதை விற்றதில் நான் படித்த பாடம் ஒன்றுண்டு.

ஒரு குழாய் பாஸ் இதை வாங்கிச் சென்றார். மூன்று கிழமைக்குப் பிறகு இடது கைப் பெருவிரலில் கட்டுடன் வந்து நின்றார். "முதலாளி, நீங்க தந்த சாமான் அஞ்சு வெட்டுக்கும் நிக்குதில்ல" என்றார். விசாரித்தேன். தூணுக்குரிய கொங்கிறீட் கம்பிகளை வெட்டியிருக்கிறார். ஆழம் போதாததால் மூடியைக் கழற்றிவிட்டு, லேத்தில் ஒரு புஷ் கடைந்து 4 அங்குலத் தட்டைப் பூட்டியிருக்கிறார். தட்டு உடைந்து கையைக் கிழித்துவிட்டது. அந்தத் தட்டை விற்றது என் கடைப் பையன். கருவியை விற்றபோது "என்ன வெட்டப் போறீங்க?" என்று கேட்காதவன் நான். அவர் இழந்த நாட்கூலியில் எனக்கும் பங்குண்டு என்றே எண்ணினேன்.

தட்டின் கணக்கு

வெட்டும் தட்டுகள் பெரும்பாலும் விளிம்பில் விநாடிக்கு 80 மீற்றர் வேகம் வரை தாங்குவதற்கே செய்யப்படுகின்றன. 4 அங்குலத் தட்டில் 15,300 சுற்று என்று அச்சிட்டிருப்பது இந்தக் கணக்கில்தான். சின்னக் கட்டர் நிமிடத்துக்கு ஏறத்தாழ 20,000 சுற்றுச் சுழலும். 76 மில்லிமீற்றர் தட்டுக்கு அது சரியாக 80 மீற்றர். அதே கருவியில் 4 அங்குலத் தட்டைப் பூட்டினால் விளிம்பின் வேகம் 105 மீற்றராகும். தட்டைப் பிய்க்கும் இழுவை 70 வீதம் கூடிவிடும். துளையின் அளவும் வேறு. 4 அங்குலத் தட்டுக்கு 16 மில்லிமீற்றர். சின்னத் தட்டுக்குச் சுமார் 10 மில்லிமீற்றர். பொருந்தாத துளை ஓர் எச்சரிக்கை. அதை புஷ் போட்டு ஏமாற்றக்கூடாது.

பற்றரியின் கணக்கு

12 வோல்ட் என்று விற்கப்படும் பற்றரிக்குள் 3.6 வோல்ட் செல்கள் மூன்று இருக்கின்றன. உண்மை அளவு 10.8 வோல்ட். 2 அம்பியர்-மணி பற்றரியில் அடங்குவது சுமார் 22 வொட்-மணி. 700 வொட் கரண்ட் கிரைண்டர் முழுப் பாரத்தில் இரண்டு நிமிடத்துக்குள் இழுத்துவிடும் சக்தி அவ்வளவுதான். எனவே நாள் முழுதும் கம்பி வெட்டுவோருக்கு இக்கருவி ஆகாது. அவருக்குக் கரண்ட் கிரைண்டரையோ பெரிய பற்றரிக் கிரைண்டரையோ காட்டுங்கள். பெட்டியில் 48, 88, 128 என்று பெரிய இலக்கங்கள் போட்ட மலிவுச் சாமான்களையும் கவனியுங்கள். உள்ளே எத்தனை செல் என்று கேளுங்கள். ஐந்து செல் என்றால் 18 வோல்ட்தான்.

எந்த வேலைக்கு?

சீலிங் தொங்கவிடும் மரைக்கம்பி, துருப்பிடித்த ஆணி, போல்ட், மெல்லிய இரும்புக் குழாய், பீ.வீ.சீ. குழாய், டைல் ஓரத்தில் சின்ன வெட்டு ஆகியவற்றுக்கு இது உகந்தது. வெட்டும் ஆழம் ஓர் அங்குலத்துக்கும் குறைவு. பெரிய குழாயைச் சுற்றி வந்துதான் வெட்ட வேண்டும்.

இரும்புக்கு ஒரு தட்டு, டைலுக்கு டயமண்ட் தட்டு, பிளாஸ்டிக்குக்கும் பலகைக்கும் கார்பைட் தட்டு. ஒன்றின் வேலையை மற்றதில் செய்விக்கக் கூடாது. வர்ணம் பூசிய கூரைத் தகட்டை இரும்புத் தட்டால் வெட்டினால் ஓரத்தின் பூச்சு எரியும். சூடான இரும்புத் துகள் ஒட்டிய இடமெல்லாம் துருப்பிடிக்கும். அதற்குத் தகரக் கத்தரியே நல்லது.

டைலை உலர வெட்டும்போது எழும் தூசில் சிலிக்கா உண்டு. நுரையீரலுக்குள் போகும் அந்த நுண்தூசு புற்றுநோயை உண்டாக்கும் என்று சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் 1997 இல் வகைப்படுத்தியது. முகத்தில் லேஞ்சி கட்டுவது போதாது. தூசுக்குரிய முகமூடியும் கண்ணாடியும் வேண்டும். தட்டு முற்றாக நின்ற பிறகே கருவியைக் கீழே வைக்க வேண்டும். தட்டு மாற்றும்போது பற்றரியைக் கழற்ற வேண்டும்.

கடைக்காரருக்கு

கருவியை ஒருவர் ஒரு முறைதான் வாங்குவார். தட்டுக்கு அடிக்கடி வருவார். எனவே சின்னக் கட்டரை விற்பவர் 3 அங்குலத் தட்டையும் கையிருப்பில் வைத்திருக்க வேண்டும். அது இல்லாத நாளில்தான் வாடிக்கையாளர் 4 அங்குலத்தைத் தேடிப் போகிறார்.

இன்னொன்று. இரும்பு வெட்டும் தட்டை அரம்போல் வருடக்கணக்கில் போட்டு வைக்க முடியாது. அதை ஒட்டி வைத்திருக்கும் பிசின் காலத்தாலும் ஈரத்தாலும் பலவீனமடையும். உற்பத்தியிலிருந்து மூன்று வருடமே அதற்குத் தவணை. தரமான தட்டுகளின் நடுவிலுள்ள உலோக வளையத்தில் மாதமும் வருடமும் பொறித்திருக்கும். பிஸ்கட் பக்கற்றில் திகதி பார்ப்பதைப்போல் இதிலும் பாருங்கள். முதலில் வந்ததை முதலில் விற்றுவிடுங்கள். உலர்ந்த இடத்தில் தட்டையாக அடுக்குங்கள். திகதி கடந்ததையும் வெடித்ததையும் கழிவு விலையில் தள்ளாமல் இரண்டாக உடைத்துக் குப்பையில் போடுங்கள். சில நூறு ரூபா நட்டம்தான்.

அந்த பாஸ் இன்றும் என் கடைக்கு வருகிறார். கம்பிக்குக் கரண்ட் கிரைண்டர் வைத்திருக்கிறார், சீலிங்குக்குச் சின்னக் கட்டர். என் பையன் இப்போது விலை சொல்வதற்கு முன்பே, "என்ன வெட்டப் போறீங்க?" என்று கேட்கிறான். அந்தக் கேள்வியால் சில நாள் ஒரு விற்பனை கைநழுவிப் போவதுண்டு. போனவர்களில் அநேகர் திரும்பி வந்திருக்கிறார்கள்.