சம்பளத்தில் நாலாயிரத்தைப் பிடித்துக்கொள்கிறார்கள், கேட்கலாமா?

கேள்வி: மதுரையில் ஒரு தனியார் மருத்துவமனையில் ஏழு வருடமாக ஹவுஸ்கீப்பிங் வேலை பார்க்கிறேன். காண்டிராக்டர் மூலமாகத்தான் வேலை. எங்கள் செட்டில் பதினெட்டுப் பெண்கள். பி.எஃப்., இ.எஸ்.ஐ. போக மாதம் 13,200 ரூபாய் என் வங்கிக் கணக்கில் ஏறுகிறது. ஆனால் ஏடிஎம் கார்டும் பின் நம்பரும் சூப்பர்வைசரிடம் இருக்கின்றன. அவர் பணத்தை எடுத்து 9,200 ரூபாயை மட்டும் கையில் தருவார். மீதி நாலாயிரம் கமிஷன், யூனிஃபார்ம் என்று போய்விடும். சேரும்போதே ‘சம்மதம்’ என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்கிவிட்டார்கள். மகன் பாலிடெக்னிக் படிக்கிறான். வாரா வாரம் குழுக் கடனுக்குத் தவணை கட்டுகிறேன். கேட்கலாம் என்றால், “சட்டம் பேசினால் இருக்கிற வேலையும் போய்விடும். குறைந்தபட்ச ஊதியம் என்பதெல்லாம் ஏழைக்குக் கெடுதல்தான்” என்கிறார் வீட்டுக்காரர். நான் என்ன செய்வது?

பதில்: தாராளமாகக் கேட்கலாம், சகோதரி. அந்த நாலாயிரம் உங்கள் பணம். சட்டம் அதை உங்களுடையது என்றுதான் சொல்கிறது. வீட்டுக்காரரின் பயத்தில் நியாயம் இருக்கிறது. அதற்கும் பதில் சொல்கிறேன். முதலில் சட்டத்தைப் பார்ப்போம்.

கையெழுத்துப் போட்டது செல்லுமா?

செல்லாது. 1948-ஆம் ஆண்டின் குறைந்தபட்ச ஊதியச் சட்டம் இத்தனை காலமும் நடைமுறையில் இருந்தது. அதன் இடத்தில் இப்போது ஊதியச் சட்டத் தொகுப்பு, 2019 இருக்கிறது. 2025 நவம்பர் 21 முதல் அது அமலில் உள்ளது. சட்டப்படி வரவேண்டிய ஊதியத்தைத் தொழிலாளி விட்டுக்கொடுப்பதாக எழுதித் தரும் எந்த ஒப்பந்தமும் செல்லாது என்று பழைய சட்டமும் சொன்னது, புதிய தொகுப்பின் 60-ஆவது பிரிவும் சொல்கிறது.

‘சம்பளத்தை முழுதாகப் போட்டுவிட்டோம், அவர்களாகத்தான் திருப்பித் தந்தார்கள்’ என்று காண்டிராக்டர் சொல்லக்கூடும். அந்த வழியையும் சட்டம் அடைத்திருக்கிறது. முதலாளிக்கோ அவருடைய ஆளுக்கோ தொழிலாளி கொடுக்கும் எந்தத் தொகையையும் சம்பளப் பிடித்தமாகவே கொள்ள வேண்டும் என்கிறது 18-ஆவது பிரிவு. எந்தெந்தப் பிடித்தம் செய்யலாம் என்பதற்கு அந்தப் பிரிவிலேயே பட்டியல் உண்டு. காண்டிராக்டர் கமிஷன் அதில் இல்லை.

உங்களைப் போன்றவர்களுக்கு முன்பே கிடைத்த தீர்ப்பு

1982-இல் டெல்லியில் ஆசிய விளையாட்டுப் போட்டிக்காக ஸ்டேடியங்களும் மேம்பாலங்களும் கட்டினார்கள். அன்றைய குறைந்தபட்சக் கூலி நாளொன்றுக்கு 9 ரூபாய் 25 காசு. காண்டிராக்டர்கள் கூலியை ஜமாதார்கள் என்ற இடைத்தரகர்கள் வழியாகக் கொடுத்தார்கள். ஜமாதார் ஒரு ரூபாயைக் கமிஷனாகப் பிடித்துக்கொண்டு 8 ரூபாய் 25 காசைக் கொடுத்தார். இந்த ஒரு ரூபாய் உச்ச நீதிமன்றம் வரை போனது. மக்கள் ஜனநாயக உரிமைகளுக்கான அமைப்பு தொடுத்த அந்த வழக்கில் நீதிபதி பி.என். பகவதி எழுதிய தீர்ப்பைத் தொழிலாளர் வழக்குகளில் இன்றும் எடுத்துக்காட்டுகிறோம்.

குறைந்தபட்ச ஊதியத்துக்கும் கீழே கொடுத்து வேலை வாங்குவது, அரசியல் சாசனத்தின் 23-ஆவது பிரிவு தடை செய்திருக்கும் கட்டாய உழைப்பு என்று அந்தத் தீர்ப்பு அறிவித்தது. அடித்து வேலை வாங்கினால்தான் கட்டாயம் என்றில்லை. வேறு வழியில்லாமல், பசிக்காகக் குறைந்த கூலிக்கு ஒப்புக்கொள்வதும் கட்டாயத்தில் அடங்கும் என்றது நீதிமன்றம். நீங்கள் கையெழுத்திட்ட அந்தத் தாளை இந்த வெளிச்சத்தில் பாருங்கள். அங்கே ஜமாதார், இங்கே சூப்பர்வைசர். செய்வது ஒரே காரியம்.

ஆதாரத்துக்கு எங்கே போவது?

உங்கள் வழக்கு நிற்பதும் விழுவதும் இதில்தான். சம்பளம் கொடுத்தாயிற்று என்று நிரூபிக்கும் பொறுப்பை ஊதியச் சட்டத் தொகுப்பின் 59-ஆவது பிரிவு முதலாளியின் மேல் வைக்கிறது. ஆனால் உங்கள் விஷயத்தில் காண்டிராக்டர் வங்கிப் பரிமாற்றப் பட்டியலைக் காட்டி, ‘இதோ முழுச் சம்பளம்’ என்று சொல்லிவிடுவார். பணம் உங்கள் கைக்கு வரவில்லை என்பதை நீங்கள்தான் காட்ட வேண்டியிருக்கும்.

இதற்கு உங்கள் பாஸ்புக்கே சாட்சி சொல்லும். வங்கிக்குப் போய் மூன்று வருட ஸ்டேட்மென்ட் கேளுங்கள். மற்ற பெண்களும் அவரவர் கணக்குக்கு வாங்கட்டும். எல்லாவற்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். சம்பளம் ஏறிய அன்றோ மறுநாளோ எல்லாக் கணக்கிலிருந்தும் பணம் எடுக்கப்பட்டிருக்கும், பெரும்பாலும் ஒரே ஏடிஎம்மில். நேரமும் பதிவாகியிருந்தால் சில நிமிட இடைவெளிதான் இருக்கும். பதினெட்டுப் பெண்கள் மாதம் தவறாமல் ஒரே இயந்திரத்தின் முன் வரிசையில் நின்றார்கள் என்று காண்டிராக்டரால் சொல்ல முடியாது. அந்த நேரத்தில் நீங்கள் வார்டில் டியூட்டியில் இருந்ததை வருகைப் பதிவேடு காட்டும்.

இதோடு சூப்பர்வைசர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகள், கையில் வாங்கிய தொகையைக் குறித்து வைத்த நோட்டு, பி.எஃப். பாஸ்புக், இ.எஸ்.ஐ. அட்டை, வேலை அடையாள அட்டை எல்லாவற்றையும் பிரதி எடுத்து, வேலை செய்யும் இடத்தில் வைக்காமல் வீட்டில் பத்திரப்படுத்துங்கள். ஸ்டேட்மென்ட் கைக்கு வந்த பிறகு பழைய கார்டை முடக்கிப் புதுக் கார்டு வாங்குங்கள். இந்த வரிசையை மாற்ற வேண்டாம். முதலிலேயே கார்டை முடக்கினால் அவர்கள் உஷாராகிவிடுவார்கள்.

13,200 ரூபாய்தான் உங்களுக்குரிய குறைந்தபட்ச ஊதியம் என்றும் முடிவு செய்துவிடாதீர்கள். தமிழ்நாட்டில் அரசாணையில் உள்ள அடிப்படை ஊதியத்தோடு, சென்னை நகர நுகர்வோர் விலைக் குறியீட்டை வைத்துக் கணக்கிடும் அகவிலைப்படியும் சேர வேண்டும். அது ஆண்டுதோறும் ஏப்ரல் 1 முதல் மாறும். மருத்துவமனைப் பணிக்கு இந்த ஆண்டு எவ்வளவு என்று தொழிலாளர் துறை அலுவலகத்தில் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். அந்தத் தொகைக்குக் குறைவு இருந்தால் அதையும் மனுவில் சேர்க்கலாம்.

எங்கே, எவ்வளவு கேட்கலாம்?

மாவட்டத்தில் உள்ள தொழிலாளர் உதவி ஆணையர் (அமலாக்கம்) அலுவலகத்துக்குப் போங்கள். கோரிக்கை மனுவை விசாரிக்க அதிகாரம் பெற்ற அலுவலர் யார் என்பதை அங்கே சொல்வார்கள். 45-ஆவது பிரிவின்படி கோரிக்கை எழுந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் மனு கொடுக்கலாம். பழைய சட்டத்தில் கெடு ஆறே மாதம். 2025 நவம்பருக்கு முந்தைய பாக்கிக்கு எந்தக் கெடு பொருந்தும் என்று எதிர்த்தரப்பு வாதம் கிளப்பலாம். ஆகவே மூன்று ஆண்டுப் பாக்கியையும் கேளுங்கள், தாமதத்தை மன்னிக்கும்படியும் கூடவே கேளுங்கள். தகுந்த காரணம் இருந்தால் மன்னிக்கப் பழைய சட்டத்திலும் இடம் இருந்தது.

மாதம் நாலாயிரம் என்றால் ஆண்டுக்கு 48,000, மூன்று ஆண்டுக்கு 1,44,000 ரூபாய். இதற்கு மேல், பாக்கித் தொகையின் பத்து மடங்கு வரை இழப்பீடு விதிக்க அலுவலருக்கு அதிகாரம் உண்டு. குறைத்துக் கொடுத்த முதலாளிக்கு 50,000 ரூபாய் வரை அபராதம். ஐந்து ஆண்டுக்குள் மறுபடி செய்தால் மூன்று மாதம் வரை சிறையோ, ஒரு லட்சம் வரை அபராதமோ, இரண்டுமோ கிடைக்கும்.

மருத்துவமனையையும் எதிர்மனுதாரராகச் சேர்த்துவிடுங்கள். காண்டிராக்டர் கொடுக்கத் தவறினால், வேலை நடக்கும் நிறுவனத்தின் உரிமையாளர் கொடுக்க வேண்டும் என்பது 43-ஆவது பிரிவு. காண்டிராக்டர் நாளை கம்பெனிப் பெயரை மாற்றிக்கொண்டு போய்விடலாம். மருத்துவமனை எங்கும் போகாது.

வேலை போய்விட்டால்?

போகாது என்று நான் உறுதி தர முடியாது. அதனால்தான் தனியாகப் போக வேண்டாம் என்கிறேன். எத்தனை பேர் ஆனாலும் ஒரே மனுவாகக் கொடுக்கச் சட்டம் அனுமதிக்கிறது. பதிவு பெற்ற தொழிற்சங்கமும் உங்களுக்காக மனு கொடுக்கலாம். ஒருத்தியை நிறுத்துவது எளிது. பதினெட்டுப் பேரையும் ஒரே நாளில் நிறுத்தினால் வார்டு நாறிப்போகும் என்பது மருத்துவமனைக்குத் தெரியும். அப்படியும் நிறுத்தினால், இரண்டு ஆண்டுகளுக்குள் அதைத் தொழில் தகராறாக எழுப்பலாம்.

வக்கீல் செலவுக்குக் கவலை வேண்டாம். பெண் என்ற ஒரே காரணத்துக்காகவே, வருமானம் எவ்வளவு இருந்தாலும், மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவச வழக்கறிஞர் பெற உங்களுக்கு உரிமை உண்டு. 15100 என்ற எண்ணில் அழைத்தும் கேட்கலாம்.

இந்தச் சட்டம் ஏழைக்குக் கெடுதலா?

உங்கள் வீட்டுக்காரருக்கு இதைப் படித்துக் காட்டுங்கள். கூலியை உயர்த்தினால் ஆள் குறைப்பார்கள் என்பது பொருளாதார அறிஞர்களும் நெடுநாள் வாதாடிய விஷயம். அமெரிக்காவின் நியூஜெர்சி மாகாணத்தில் 1992-இல் குறைந்தபட்ச ஊதியம் உயர்ந்தபோது, துரித உணவகங்களைப் பொருளாதார அறிஞர்கள் டேவிட் கார்டும் ஆலன் க்ரூகரும் ஆராய்ந்தார்கள். வேலை குறைந்ததாகத் தெரியவில்லை. டேவிட் கார்டுக்கு 2021-இல் பொருளாதார நோபல் பரிசு கிடைத்தது. ஊதியத்தைத் தாறுமாறாக ஏற்றினாலும் ஒன்றும் ஆகாது என்று இதற்குப் பொருள் இல்லை. நியாயமான உயர்வு வேலையைப் பறித்தே தீரும் என்ற வாதம்தான் இதில் அடிபடுகிறது.

உங்கள் கதையில் அந்த வாதத்துக்கே இடமில்லை. முழுச் சம்பளத்தையும் கணக்கில் போட்டதாகக் காட்டித்தான் காண்டிராக்டர் பொதுவாக மருத்துவமனையிடம் பில் தொகையை வாங்குகிறார். அதாவது அந்த நாலாயிரத்தை மருத்துவமனை ஏற்கனவே செலவழித்தாயிற்று. அதைப் பிடித்து வைப்பதால் புதிதாக ஒரு வேலைகூட உண்டாவதில்லை. பதினெட்டுப் பேரிடமும் இப்படிப் பிடித்தால் மாதம் 72,000 ரூபாய். நீங்களோ கூலியில் குறைந்ததைக் குழுவில் கடனாக வாங்கி அதற்கு வட்டியும் கட்டுகிறீர்கள். வேலை இருந்தும் வறுமை தீராததற்கு இது ஒரு பெரிய காரணம்.

இந்தச் சட்டத்துக்கு எல்லை உண்டு என்பதையும் மறைக்க மாட்டேன். வேலை கிடைக்காதவருக்கும் முடியாத முதியவருக்கும் இது சோறு போடாது. ரேஷனும் ஓய்வூதியமும் அதற்குத் தேவை. அறிவித்த தொகையே குறைவாக இருந்தாலும் வறுமை குறையாது. மத்திய அரசு தேசிய அடிமட்ட ஊதியத்தை 2017-இல் நாளுக்கு 176 ரூபாய் என்று வைத்து, 2019-இல் 178 ஆக்கியது. அரசு அமைத்த நிபுணர் குழு அதே 2019-இல் பரிந்துரைத்ததோ 375 ரூபாய். தொகையும் சரியாக இருந்து, அது தொழிலாளியின் கைக்கும் வந்து சேர்ந்தால்தான் சட்டம் வறுமையைக் குறைக்கும். முதலாவதற்கு அரசிடம் போராட வேண்டும். இரண்டாவது உங்கள் மனுவில் இருக்கிறது.

வரும் வாரமே வங்கிக்குப் போய் ஸ்டேட்மென்ட் வாங்குங்கள். கூட வேலை பார்க்கும் பெண்களையும் அழைத்துக்கொண்டு போங்கள்.