இரண்டு நிலவு உலகிற்கு ஒரு பஞ்சாங்கம்

உங்கள் வீட்டுச் சுவரில் தொங்கும் நாட்காட்டியைச் சற்று உற்றுப் பாருங்கள். அதற்குள் மூன்று கடிகாரங்கள் ஒளிந்திருக்கின்றன. நண்பகலிலிருந்து மறு நண்பகல் வரை ஒரு நாள். அமாவாசையிலிருந்து அடுத்த அமாவாசை வரை ஏறத்தாழ 29½ நாள். பூமி சூரியனை ஒரு முறை சுற்றிவர ஏறத்தாழ 365¼ நாள். இந்த மூன்றில் எதுவும் மற்றொன்றை மீதியின்றி வகுப்பதில்லை. அதுதான் தொல்லையே! பன்னிரண்டு அமாவாசைகள் முடிந்தாலும் 354 நாள்களே ஆகியிருக்கும். ஆண்டு நிறைய இன்னும் 11 நாள் வேண்டும்.

இந்த 11 நாளை என்ன செய்வது? இஸ்லாமிய ஆண்டு அதைப் பொருட்படுத்துவதில்லை. ஆகவே ரம்ஜான் ஆண்டுதோறும் 11 நாள் போல முன்னே வருகிறது. தெலுங்குப் பஞ்சாங்கம் அதைச் சேர்த்து வைத்து, போதுமான அளவு சேர்ந்ததும் ஓர் 'அதிக மாதம்' நுழைக்கிறது. தமிழ் மாதங்களோ சந்திரனை விட்டுவிட்டுச் சூரியனைப் பின்பற்றுகின்றன.

ஒரு நிலவுக்கே இந்தப் பாடென்றால், இரண்டு நிலவுகள் உள்ள உலகில்? இதற்காகக் கற்பனை உலகைத் தேடிப் போக வேண்டியதில்லை. செவ்வாய்க் கிரகம் அப்படிப்பட்டதே. அதன் துணைக்கோள்களான போபோஸ், டெய்மோஸ் இரண்டையும் 1877 ஆகஸ்டில் அமெரிக்க வானியலார் ஆசாஃப் ஹால் கண்டுபிடித்தார். (அதற்கு 150 ஆண்டுகள் முன்பே, 1726இல் வெளிவந்த 'கலிவரின் பயணங்க'ளில் ஸ்விஃப்ட் செவ்வாய்க்கு இரண்டு நிலவுகள் உண்டென்று எழுதிவிட்டார். வெறும் ஊகம், எண்ணிக்கை பொருந்திவிட்டது!)

செவ்வாய்க்கு நாம் ஒரு நாட்காட்டி செய்து பார்ப்போமா?

முதலில் நாள். அங்கே நண்பகலிலிருந்து மறு நண்பகல் வரை 24 மணி 39 நிமிடம் 35 விநாடி. இதை 'சோல்' என்கிறார்கள். நம் நாளைவிட 40 நிமிடம்தானே கூடுதல் என்று நினைக்காதீர்கள். நம் ஊர்க் கைக்கடிகாரத்தைக் கட்டிக்கொண்டு அங்கே போனால், 18 நாள் கழித்து உச்சி வெயிலில் அது நள்ளிரவு காட்டும். 2004இல் செவ்வாயில் இறங்கிய இரு ஊர்திகளை இயக்கியவர்கள், பூமியில் இருந்துகொண்டே சில மாதங்கள் செவ்வாய் நேரப்படி வாழ்ந்தார்கள். இன்று காலை எட்டு மணிக்கு வேலை என்றால் நாளை எட்டே முக்காலுக்குச் சற்று முன்!

ஆண்டு 687 பூமி நாள்கள்; சோல் கணக்கில் 668.6.

இனி மாதம். தமிழில் 'திங்கள்' என்றால் நிலவு, மாதமும் அதுவே. செவ்வாயில் இந்தச் சொல் என்ன பாடுபடும் பாருங்கள். போபோஸ் செவ்வாயைச் சுற்ற 7 மணி 39 நிமிடமே ஆகிறது. செவ்வாய் தன்னைத்தானே சுற்றுவதைவிட இது வேகம். ஆகவே அந்த நிலவு மேற்கே உதித்துக் கிழக்கே மறையும். ஒரே சோலில் மூன்று முறைக்கு மேல் வளர்ந்து தேய்ந்துவிடும். இதை மாதமாகக் கொண்டால் ஒரு நாளைக்கு மூன்று சம்பளம் வாங்கலாம்!

டெய்மோஸின் கதை நேர் எதிர். பென்சிலை எடுங்கள். செவ்வாய் 24.62 மணியில் 360 பாகை சுழல்கிறது. அதாவது மணிக்கு 14.62 பாகை. டெய்மோஸ் 30.31 மணியில் சுற்றுகிறது, மணிக்கு 11.88 பாகை. வித்தியாசம் 2.74 பாகை. வானத்தில் அது நகர்வதாகத் தெரிவது இவ்வளவுதான். 360ஐ 2.74ஆல் வகுத்தால் ஏறத்தாழ 131 மணி. ஒரு முறை உதித்த டெய்மோஸ் மீண்டும் உதிக்க ஐந்து நாளுக்கு மேல் ஆகிறது! நடுவே இரண்டரை நாள் மறையாமல் வானத்திலேயே தொங்கும்; அதற்குள் இரண்டு முறை வளர்ந்து தேயும். அப்படித் தேய்வதும் கண்ணுக்குத் தெரியாது. சுமார் 12 கிலோமீட்டர் அகலமுள்ள அது, அங்கிருந்து பார்த்தால் ஒரு பிரகாசமான விண்மீன் போலத்தான் இருக்கும்.

ஆக, இரண்டு நிலவுகள் இருந்தும் மாதத்திற்கு ஒன்றும் உதவவில்லை. சூரியனிடம்தான் போக வேண்டும்.

தமிழ் முறையை அங்கே பொருத்திப் பார்க்கலாம். சூரியன் ஒரு ராசியை, அதாவது 30 பாகையை, கடக்கும் காலம் ஒரு மாதம். நம் ஆனி 32 நாள் வரை நீள்வதும், மார்கழி 29 நாளிலேயே முடிந்துவிடுவதும் எதனால்? பூமியின் பாதை நீள்வட்டம். ஜனவரித் தொடக்கத்தில் சூரியனுக்கு அருகில் வரும்போது பூமி விரைவாக ஓடுகிறது. செவ்வாயின் பாதை இன்னும் நீண்ட வட்டம். அங்கே இம்முறையில் மாதங்கள் 46 சோல் முதல் 67 சோல் வரை மாறும். வடபாதியில் வசந்தம் 193 சோல், இலையுதிர் காலமோ 143 சோல்தான். செவ்வாயின் பருவங்களையும் புழுதிப் புயல்களையும் ஆராய்பவர்கள் உண்மையில் இந்தப் பாகைக் கணக்கையே பயன்படுத்துகிறார்கள். ஆனால் வாடகை கொடுக்கவும் பரீட்சைத் தேதி குறிக்கவும் இது உதவாது.

1985இல் தாமஸ் கேங்கேல் என்ற அமெரிக்கர் வேறொரு வழி கண்டார். ஆண்டை 24 மாதங்களாகப் பிரித்தார். ஐந்து மாதங்களுக்கு 28 சோல், ஆறாவதற்கு 27; ஆக 167. இப்படி நான்கு பகுதி, 668. மீதி 0.6 இருக்கிறதல்லவா? பத்து ஆண்டுகளில் அது 6 சோல் ஆகும். எனவே ஒற்றைப்படை ஆண்டுகளுக்கும் பத்தால் வகுபடும் ஆண்டுகளுக்கும் ஒரு சோல் கூட்டினார். எண்ணிப் பாருங்கள், பத்துக்கு ஆறு சரியாக வரும். 24 பெயர்களுக்கு எங்கே போவது? பன்னிரு ராசிகளின் லத்தீன் பெயரையும் சமஸ்கிருதப் பெயரையும் மாற்றி மாற்றி வைத்தார். அதனால் அங்கே மகரம், கும்பம், மேஷம், கன்னி எல்லாம் மாதங்கள்!

எனக்கு அதில் ஒரு குறை தெரிகிறது. ஒவ்வொரு மாதமும் ஒரே கிழமையில் தொடங்க வேண்டும் என்பதற்காக, 27 சோல் மாதத்தின் கடைசியில் ஒரு கிழமையை அவர் தாண்டிவிடுகிறார். 1582 அக்டோபரில் போப் கிரெகரி பத்துத் தேதிகளை நீக்கியபோதுகூட, 4ஆம் தேதி வியாழனுக்குப் பின் 15ஆம் தேதி வெள்ளியாகவே வந்தது. வாரத்தை உடைக்க மக்கள் எளிதில் சம்மதிப்பதில்லை. வாரத்தை உடைக்காமல் இதே நாட்காட்டியைத் திருத்த முடியுமா என்று யோசியுங்கள்.

இப்போது உங்களுக்கு ஒரு கணக்கு. ஒரு கற்பனை உலகம். ஆண்டு 370 நாள். பெரிய நிலவுக்கு 24 நாளுக்கு ஒரு முறை அமாவாசை. சிறியதற்கு 36 நாளுக்கு ஒரு முறை. ஆண்டின் முதல் நாளில் இரண்டுக்கும் ஒன்றாக அமாவாசை. அந்த ஊர்க்காரர்கள் 'இரட்டை அமாவாசை' கொண்டாடுகிறார்கள். அது எத்தனை நாளுக்கு ஒரு முறை வரும்? எத்தனை ஆண்டு கழித்து மீண்டும் ஆண்டின் முதல் நாளிலேயே வரும்? மீச்சிறு பொது மடங்கு தெரிந்தால் போதும்.

விடை: 72 நாள், 36 ஆண்டுகள். இரண்டு கேள்விக்கும் விடை கண்டவர்கள், அந்த உலகிற்கு எத்தனை மாதம் வைப்பது என்பதையும் தாங்களே முடிவு செய்துகொள்ளலாம்.