பாலாறும் முன்கணிப்பும்

பாலாற்றுப் படுகையில் அமைந்த வாணியம்பாடி, ஆம்பூர், இராணிப்பேட்டை முதலிய ஊர்கள் தோல் தொழிலால் பெயர் பெற்றவை. தோலைப் பதப்படுத்த உப்பும் குரோமியமும் மிகுதியாகப் பயன்படுகின்றன. இவை கலந்த கழிவுநீர் நிலத்துள் இறங்கினால், அடுத்த ஊர்க் கிணற்றை எப்போது சென்றடையும்?

இவ்வினாவைக் கணிதத்தால் அணுக வழிசெய்தவர் பிரெஞ்சுப் பொறியாளர் என்றி டார்சி. மணலின் ஊடே நீர் செல்லும் விதியை அவர் 1856இல் வெளியிட்டார். மண்ணின் நீர் கடத்தும் திறனை நீர்மட்டச் சரிவால் பெருக்கி, மண்ணில் உள்ள துளைவெளியின் பங்கால் வகுத்தால் நிலத்தடி நீரின் விரைவு கிடைக்கும். எடுத்துக்காட்டாக, கடத்தும் திறன் நாளொன்றுக்கு 10 மீட்டர், சரிவு 500 மீட்டருக்கு 1 மீட்டர், துளைவெளி ஐந்தில் ஒரு பங்கு எனக் கொள்வோம். நீர் நாளொன்றுக்கு 10 சென்டிமீட்டர் நகரும். ஒரு கிலோமீட்டரைக் கடக்க ஏறத்தாழ 27 ஆண்டுகள் ஆகும்.

கடத்தும் திறன் 20 மீட்டராக இருப்பின் அக்காலம் 14 ஆண்டுகளுக்கும் குறைவாகும். சூத்திரத்தில் பிழையில்லை, ஆனால் மண்ணின் தன்மை இடத்துக்கு இடம் மாறும். உப்பு நீரோடு செல்ல, குரோமியத்தை மண் பற்றி நிறுத்தக்கூடும். நாளை எத்தனை கிணறுகளில் எவ்வளவு நீர் இறைக்கப்படும், மழை எவ்வளவு பெய்யும் என்பவற்றை எவரும் உறுதியாகக் கூற இயலாது.

அவ்வாறாயின், உறுதியான விடை கிடைக்கும்வரை காத்திருக்கலாமா? கூடாது என்றது உச்ச நீதிமன்றம். வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்ட் 28 அன்று தீர்ப்பு வெளியானது. தோல் தொழிற்பகுதியில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுமையாகவோ பயிரிடத் தகுதியற்றுப் போனதென்ற ஆய்வுச் செய்தி அதில் இடம்பெற்றுள்ளது. மீட்க இயலாத கேடு நேரும் அச்சம் உள்ளபோது, அறிவியல் உறுதி இல்லை என்பதைக் காரணம் காட்டித் தடுப்பு நடவடிக்கைகளைத் தள்ளிப்போடக்கூடாது என்னும் முன்னெச்சரிக்கைக் கொள்கையை நீதிமன்றம் ஏற்றது. தம் செயலால் தீங்கில்லை என மெய்ப்பிக்கும் பொறுப்பையும் தொழில் நடத்துவோரிடமே வைத்தது.

மேல் பாலாற்றுப் படுகை குறித்து மு. தங்கராஜன் 1999இல் வெளியிட்ட கணித மாதிரி இதன் தேவையை உணர்த்துகிறது. மாசின் வரத்தைப் பாதியாகக் குறைத்தாலும், 20 ஆண்டுகளுக்குப் பின்னரும் நிலத்தடி நீரில் கரைந்துள்ள உப்புகளின் செறிவு பாதிக்குக் கீழ் இறங்காது என்றது அவ்வாய்வு. மாசு வந்தடையும் நாளைக் கணிதத்தால் துல்லியமாகக் கூற இயலாமல் போகலாம். வந்த மாசு எளிதில் அகலாது என்பதை அதனால் கூற முடிகிறது. காலத்தே செயற்படுவதற்கு அதுவே போதுமான சான்றாகும்.