17(பி) மெமோ வந்தால்…

கேள்வி: தாம்பரத்தில் ஓர் அரசு அலுவலகத்தில் இளநிலை உதவியாளராக இருக்கிறேன். 17(பி) மெமோ வந்திருக்கிறது. "தப்பை ஒத்துக்கிட்டு எழுதிக் குடுத்துடுங்க தம்பி, சின்னதா முடிச்சுடலாம்" என்கிறார் மேலதிகாரி. எழுதிக் கொடுக்கலாமா?

பதில்: செய்யாத தவறை ஒப்புக்கொண்டு ஒரு வரிகூட எழுதாதீர்கள். அரசு ஊழியர் ஒழுங்கு நடவடிக்கை விதிகளில் 17(பி) பெருந்தண்டனைக்கான விதி, வேலைநீக்கம் வரை போகலாம். உங்கள் ஒப்புதல் கடிதம் கைக்கு வந்துவிட்டால் சாட்சி விசாரிக்கவே தேவையிருக்காது.

மெமோவைத் தேதியிட்டு வாங்கிக்கொள்ளுங்கள். இணைப்பில் சாட்சிகள், ஆவணங்களின் பட்டியல் இருக்கும். அந்த ஆவணங்களைப் பார்வையிட வேண்டும், வாய்மொழி விசாரணை வேண்டும் என்று எழுத்தில் கேளுங்கள். சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்வது உங்கள் உரிமை. விசாரணை அறிக்கையின் நகலைத் தந்து, உங்கள் விளக்கத்தைப் பெற்ற பிறகே தண்டனையை முடிவுசெய்ய வேண்டும். 1993-ல் கருணாகர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு இதை உறுதிப்படுத்தியது.

தமிழ்நாட்டில் 2003 ஜூலை வேலைநிறுத்தத்தின்போது சுமார் 1,70,000 அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் எந்த விசாரணையும் இல்லாமல் வேலைநீக்கம் செய்யப்பட்டார்கள். பெரும்பாலோரால் மன்னிப்புக் கடிதம் எழுதித்தான் வேலைக்குத் திரும்ப முடிந்தது. பெரிய அநீதி அது. உங்களுக்கு விசாரணை என்ற வழி திறந்திருக்கிறது. பதில் தரும் கெடு முடிவதற்குள், சங்கப் பொறுப்பாளரையோ பணி வழக்கு நடத்தும் வழக்கறிஞரையோ பார்த்து விளக்கத்தை எழுதுங்கள்.